எரிதா சொன்னது, ஊர் சொன்னது

"பூசாரி எரிதா வைத்திருக்கிறார், தெய்வத்துக்குரிய மானியம் என்று அடித்துச் சொல்கிறார். ஊரோ, பொதுநிலங்களில் அவருக்கு இருப்பது வெறும் அனுபோகப் பங்குதான் என்கிறது. விதை: கோதுமை 3 அலகு, 9 பங்கு."

மொத்த வழக்கும் இவ்வளவுதான். கிரேக்கத்தின் தென்மேற்கு மூலையில், மெஸ்ஸீனியாவில், பைலோஸ் அரண்மனையின் கணக்கறையில் இருந்த ஓர் எழுத்தர் ஈரக் களிமண்ணில் கீறிவைத்த இரண்டு வரி. காலம் கி.மு. 1200-ஐ ஒட்டி. சாட்சி இல்லை, விசாரணை இல்லை, தீர்ப்பும் இல்லை. ஆனாலும் இரண்டு தரப்பின் வாதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிவைத்த நிலத் தகராறு ஐரோப்பிய மண்ணில் இதைவிடப் பழையது கிடையாது என்று சொல்வதுண்டு.

கிரீட் தீவின் மினோவர்கள், பைலோஸ் போன்ற அரண்மனைகளைக் கட்டிய கிரேக்கப் பெருநிலத்து மைசீனியர்கள் என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது காளை தாண்டும் ஓவியம், கையில் பாம்பு பிடித்த பெண் சிலை, தங்க முகமூடி. எல்லாம் பார்க்க அழகானவை. ஆனால் அந்தக் காலத்து மதம் யார் நிலத்தில் விளைந்ததைச் சாப்பிட்டது, அதை யார் எதிர்த்துக் கேட்டார்கள் என்று தெரிய வேண்டுமென்றால் எனக்கு இந்த இரண்டு வரிதான் உதவுகிறது. கோயில், ஊர், அரண்மனை மூன்றும் ஒரே வரப்பில் முட்டிக்கொள்ளும் இடம் இது.

பலகை கைக்கு வந்த கதை

1939 ஏப்ரல் 4. அமெரிக்கத் தொல்லியலாளர் கார்ல் ப்ளேகன், ஆனோ எங்லியானோஸ் என்ற குன்றின் மேல், ஒலிவ மரங்களுக்கு நடுவே முதல் குழியை வெட்டினார். அதிர்ஷ்டம் என்றால் இப்படி இருக்க வேண்டும்: அந்த முதல் குழியே நேராக அரண்மனையின் கணக்கறை மேல் விழுந்தது. ஒரே பருவத்தில் சுமார் 600 களிமண் பலகைகளும் துண்டுகளும் வெளியே வந்தன. அப்புறம் போர் வந்துவிட்டது. எம்மெட் பென்னட் பலகைகளின் எழுத்தைப் பிரதியெடுத்து வெளியிட்டது 1951-ல். அடுத்த ஆண்டே, தொழிலால் கட்டடக் கலைஞரான மைக்கேல் வென்ட்ரிஸ், லீனியர் பி என்ற அந்த எழுத்து கிரேக்க மொழியைத்தான் எழுதுகிறது என்று கண்டுபிடித்தார். எரிதா தோண்டி எடுக்கப்பட்டு 13 ஆண்டுகள் வாய் திறக்காமல் காத்திருந்தார் என்று வைத்துக்கொள்ளலாம்.

ஒன்றை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். இந்தப் பலகைகளை யாரும் சுட்டு வைக்கவில்லை. காயவைத்த மண், நடப்பு ஆண்டின் கணக்கு மட்டும். ஆண்டு முடிந்தால் கரைத்துவிடலாம். அரண்மனை தீப்பிடித்து எரிந்தபோது அந்தச் சூட்டில்தான் அவை செங்கல்லாக இறுகின. ஆகவே நம் கையில் இருப்பது கடைசி ஆண்டின் கணக்கு மட்டும். எரிதா அதற்கு முந்தின ஆண்டு என்ன சொன்னார், ஊர் அப்போதே ஆட்சேபித்ததா என்பதெல்லாம் மண்ணோடு மண்ணாகிவிட்டது.

தகராறு நடந்த இடம் பாகியானா. பிற்கால உச்சரிப்பில் ஸ்ஃபாகியானெஸ் என்று மீட்டெடுக்கிறார்கள். 'வெட்டுமிடம்', அதாவது பலி கொடுக்கும் இடம் என்ற பொருள் அதில் தொனிக்கிறது. பைலோஸ் அரசின் இரண்டு மாகாணங்களில் கிட்டத்து மாகாணத்துக்கு ஒன்பது வட்டாரம், தூரத்து மாகாணத்துக்கு ஏழு. அந்த ஒன்பதில் ஒன்று பாகியானா. நாட்டிலேயே பெரிய வழிபாட்டுத் தலம் அதுதான். அங்கே முதலிடம் போத்னியாவுக்கு. போத்னியா என்றால் 'தலைவி', 'நாயகி'. எரிதா அந்தத் தலத்தின் பெண் பூசாரி.

எதிர்த்தரப்பு தாமோஸ். பிற்காலத்தில் ஏதென்ஸ்காரர்கள் தெமோஸ் என்று சொன்ன அதே சொல்தான், ஆனால் ஜனநாயகத்தின் 'மக்கள்' என்ற அந்த அர்த்தத்தைத் தூக்கிக்கொண்டு இங்கே வரக்கூடாது. இங்கே தாமோஸ் என்பது ஊர், ஊரின் நிலத்தை நிர்வகிக்கும் கூட்டம். நிலத்தைப் பிரித்துக் கொடுக்கிறது, கொடுத்ததற்குக் கணக்குக் கேட்கிறது. ஆள் போலப் பேசவும் செய்கிறது: பலகையில் 'தாமோஸ் சொல்கிறது' என்றே வினைச்சொல் ஒருமையில் நிற்கிறது.

இரண்டு விதமான நிலம்

பாகியானா நிலக் கணக்கில் இரண்டு பெரிய பிரிவு. ஒன்று கிதிமெனா, தனி ஆட்களின் பெயரில் நிற்பது. ஒரு பலகை, இந்த வகையில் பாகியானாவில் 40 நிலப் பகுதிகள், அவற்றில் 14 தெலெஸ்தாய் என்று தலைப்பிலேயே சொல்லிவிடுகிறது. தெலெஸ்தாய் என்பவர்கள் ஏதோ கடமைக்குக் கட்டுப்பட்ட பெரிய காணியாளர்கள். மற்றது கெகெமெனா, ஊரின் பொறுப்பில் இருக்கும் பொதுநிலம். எரிதாவின் சண்டை இந்தப் பொதுநிலத்தில்.

பொதுநிலத்தில் ஒருவர் பங்கு பெற்றால் அதற்கு ஒனாதோன் என்று பெயர். சொல்லின் வேரில் 'பலன்', 'அனுபவித்தல்' இருக்கிறது. அதனால்தான் அனுபோகப் பங்கு என்று எழுதுகிறேன். குத்தகை என்றும் சொல்லலாம், ஆனால் குத்தகையாக என்ன அளந்தார்கள் என்பது எந்தப் பலகையிலும் எழுதப்படவில்லை. 'ஊரிடமிருந்து' என்று ஒவ்வொரு பதிவிலும் மறக்காமல் போடுகிறார்கள். யாரிடமிருந்து பெற்றது என்பதுதான் அங்கே முக்கியம்.

எரிதா கேட்பது எதோனியோ. அபூர்வமான சொல். பாகியானா கணக்கில் அம்ஃபிமெதெஸ் என்ற இன்னொருவரும் எதோனியோ வைத்திருக்கிறார். அவரை யாரும் ஆட்சேபிக்கவில்லை. சாதாரண அனுபோகத்தைவிட உயர்ந்த உரிமை, ஊருக்குச் செய்ய வேண்டியதில் சலுகையோ விலக்கோ உள்ளது என்பதுதான் பெரும்பாலோர் வாசிப்பு. நம் கல்வெட்டுச் சொல்லில் இறையிலிக்குப் பக்கத்தில் வரும். நான் மானியம் என்று வைத்துக்கொண்டேன். வரிவிலக்கு என்ற சங்கதி அந்தச் சொல்லுக்குள் இல்லாவிட்டால், ஊர் இவ்வளவு மெனக்கெட்டு மறுப்புப் பதிவு செய்ததற்குக் காரணம் கண்டுபிடிப்பது கஷ்டம்.

ஆக, நிலம் யார் கையில் இருக்கிறது என்பதில் தகராறே இல்லை. 'வைத்திருக்கிறார்' என்று எழுத்தர் தன் வாக்காகவே எழுதுகிறார். எந்தப் பேரில் வைத்திருக்கிறார் என்பதுதான் கேள்வி.

ஒரே வழக்கு, இரண்டு பலகை

இந்த வழக்கின் மிகச் சுவையான பகுதி இங்கேதான் இருக்கிறது. இதே தகராறு இரண்டு பலகைகளில் பதிவாகியிருக்கிறது.

முதலாவது 297-ஆம் எண் பலகை. நீளமாக, பனை ஓலை நறுக்கு மாதிரி இருக்கும். ஆய்வாளர்களே அந்த வகையை ஓலை வடிவம் என்றுதான் அழைக்கிறார்கள். ஒரு பலகைக்கு ஒரு நிலம். கையெழுத்தை வைத்து எழுத்தர்களைப் பிரித்தறிய முடியும் என்பதால் இந்தத் தொகுதியை எழுதியவருக்கு 41-ஆம் கை என்று எண் கொடுத்திருக்கிறார்கள். இரண்டாவது 704-ஆம் எண் பலகை. பக்கம் போல அகலமானது. தனித்தனி ஓலைகளைப் பார்த்து வரிசையாகத் தொகுத்து எழுதியது. எழுதியவர் 1-ஆம் கை, கணக்கறையின் தலைமைக் கணக்கர் என்று சொல்லத்தக்கவர்; பைலோஸின் முக்கியமான பலகைகள் பலவும் அவர் கையெழுத்து. முதல் பலகையைக் குறிப்பு என்றும் இரண்டாவதைப் பேரேடு என்றும் வைத்துக்கொள்ளலாம்.

குறிப்பில் எரிதா என்ற பெயரே இல்லை. 'பூசாரி' என்று பதவி மட்டும். பேரேட்டில் 'பூசாரி எரிதா'. சரி, இது சின்ன விஷயம். பாகியானாவின் பூசாரி என்றால் யாரென்று எல்லாருக்கும் தெரிந்திருக்கும்.

அடுத்தது சின்ன விஷயமில்லை. குறிப்பில் எரிதாவை மறுப்பவர்கள் கோதோனோஓகோ, அதாவது 'காணி வைத்திருப்போர்', பன்மை. பேரேட்டில் அந்த இடத்தில் வந்து உட்காருவது தாமோஸ். பெயர் சொல்லக்கூடிய கொஞ்சம் பேர், தலைமைக் கணக்கரின் கையில் 'ஊர்' ஆகிவிட்டார்கள். இந்தக் காணியாளர்கள் யார் என்பதும் வேறொரு பலகையில் வரிசையாக வருகிறது: ஐதியோகோஸ், வனதாயோஸ், அதமாவோ என்று பெயர்கள். அவர்களில் சிலர் தனி நிலப் பிரிவிலும் காணி வைத்திருப்பவர்கள். வனதாயோஸின் தனி நிலத்தில் அரசனின் ஆயுதக் கைவினைஞர் அதூகோஸ் பங்கு வைத்திருக்கிறார், கூடவே தெய்வத்தின் அடிமைகள் என்று குறிக்கப்பட்ட மூவரும். ஆகவே 'ஊர் சொல்கிறது' என்பதை ஏர் பிடிக்கும் குடிமக்கள் ஒன்றுகூடிக் கொடுத்த குரலாகக் கற்பனை செய்ய வேண்டாம். ஊர்ப் பெரிய காணியாளர்கள் ஒரு டஜன் பேர் அளவில் உட்கார்ந்து பேசும் சபை அது. ஊர் என்ற பேரில் யார் பேசுகிறார்கள் என்று கேட்டுப் பழகியவர்களுக்கு இது ஆச்சரியமாக இருக்காது.

எழுத்தர் ஏன் மாற்றினார்? காணியாளர்கள் தனித்தனியாக எரிதாவோடு சண்டைக்கு நின்றார்கள் என்பது ஒரு நிலை. அமைப்பாக நின்றார்கள் என்பது வேறு நிலை. கணக்கரின் பார்வையில் இரண்டும் ஒன்றுதான் போலும். எனக்கு இது வெறும் சுருக்கெழுத்தாகத் தோன்றவில்லை. தெய்வத்தின் பேரைச் சொல்லும் ஒரு தரப்பை எதிர்க்க, 'நாங்கள் நாலு பேர்' போதாது, 'ஊர்' வேண்டும். பேரேட்டில் இரண்டு பக்கமும் ஆளுக்கொரு பெரிய பெயரை முன்னால் நிறுத்தியிருக்கிறது: அங்கே தெய்வம், இங்கே தாமோஸ்.

'சாதிக்கிறார்' என்ற சொல்

எரிதாவின் வரியை எழுத்துக்கூட்டிப் படித்தால் இப்படி இருக்கும்: எ-ரி-த இ-யெ-ரெ-ய எ-கெ எ-உ-கெ-தோ-கெ எ-தோ-நி-யோ எ-கெ-எ தெ-ஓ. லீனியர் பி மெய்யெழுத்தைத் தனியாகக் காட்டாது, சொல்லின் இறுதி மெய்யை விழுங்கிவிடும். அதன் விளைவு கடைசிச் சொல்லில் தெரிகிறது. தெ-ஓ என்பதைத் 'தெய்வத்துக்காக' என்று படிக்கலாம். அப்படியென்றால் நிலம் எரிதாவிடம், தெய்வத்துக்காக. 'தெய்வம்' என்று எழுவாயின் இடத்திலும் படிக்கலாம். அப்படியென்றால் நிலத்தை வைத்திருப்பதே தெய்வம், எரிதா வெறும் பேச்சாள். எழுத்து இரண்டுக்கும் இடம் கொடுக்கிறது. எரிதாவுக்கும் அந்த மங்கல் வசதியாகத்தான் இருந்திருக்கும்.

இன்னும் முக்கியமான சொல் எ-உ-கெ-தோ, 'அடித்துச் சொல்கிறார்', 'சாதிக்கிறார்' என்பது. பிற்காலக் கிரேக்கத்தில் இந்த வினைக்கு வேண்டுதல், நேர்தல், மார்தட்டிச் சொல்லுதல் என்று பல பொருள். எரிதாவுக்கு எழுத்தர் போட்ட வினை இது. ஊருக்குப் போட்டதோ வெறும் 'சொல்கிறது'. ஒரு பக்கம் கனமான, சத்தியத்தின் வாடை வீசும் சொல். மறுபக்கம் சாதாரணச் சொல்.

இதே வினை ஹோமரின் காவியமான இலியட்டின் 18-ஆம் பாடலில், வீரன் அக்கிலிஸின் கேடயத்தில் செதுக்கிய நகரக் காட்சியில் வருகிறது. சந்தைவெளியில் கூட்டம். கொலையுண்ட ஒருவனுக்கான இழப்பீடு பற்றி இருவருக்குள் வழக்கு. ஒருவன் முழுவதும் கொடுத்துவிட்டதாகச் சாதிக்கிறான், அதே வினைச்சொல். அதையும் ஊராரைப் பார்த்து, தெமோஸைப் பார்த்துச் சொல்கிறான். மற்றவன் வாங்க மறுக்கிறான். எரிதாவின் பலகைக்கும் அந்தப் பாடலுக்கும் இடையில் நாலைந்து நூற்றாண்டு. வழக்காடும் மொழி அவ்வளவு காலம் வாய்வழியாகவே தாண்டி வந்திருக்கிறது.

எவ்வளவு பெரிய நிலம்?

பைலோஸில் நிலத்தைப் பரப்பில் அளக்கவில்லை, விதையில் அளந்தார்கள். விதைப்பாடு என்ற சொல் தெரிந்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. ஓர் அலகு கோதுமை சுமார் 96 லிட்டர், அதில் பத்தில் ஒன்று ஒரு பங்கு, அதில் ஆறில் ஒன்று ஒரு சிறுபங்கு. எரிதாவின் தகராறு நிலம் 3 அலகு 9 பங்கு, அதாவது ஏறக்குறைய 374 லிட்டர் விதைப்பாடு. எத்தனை ஏக்கர் என்று மாற்றப்போனால் ஒவ்வொருவர் கணக்கும் ஒவ்வொரு மாதிரி வருகிறது, அதனால் அதைத் தொடாமல் ஒப்பீட்டோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

அதே 704-ஆம் பலகையில், இரண்டு வரி மேலே, எரிதாவுக்கு இன்னொரு துண்டு இருக்கிறது. ஊரிடமிருந்து பெற்ற சாதாரண அனுபோகப் பங்கு, 4 பங்கு விதை. அதில் தகராறு இல்லை. பூசாரியே மற்றவர்களைப் போல ஊரிடம் கைநீட்டி வாங்கியது அது. ஊர் என்ன வாதாடியிருக்கும் என்று இதை வைத்து ஊகிக்கலாம்: அந்தத் துண்டு எப்படியோ அப்படித்தான் இதுவும். ஆனால் தகராறு நிலம் அதைவிட ஏறக்குறைய பத்து மடங்கு.

வேறொரு பலகையில், வனக்ஸ் என்ற அரசனுக்கு ஒதுக்கிய நிலம் 30 அலகு. அவனுக்கு அடுத்த நிலையில் இருந்த லாவகெதாஸுக்கு 10. எரிதாவின் தகராறு நிலம் அரசனுடையதில் எட்டில் ஒரு பங்கு. அரசுக்கு இரண்டாமவனுடையதில் ஐந்தில் இரண்டு. ஒரு வட்டாரத்துப் பூசாரிக்கு இது பெரிய அளவு.

கீழே பார்த்தால் இன்னும் உறைக்கும். பைலோஸ் அரண்மனையின் கீழ் சுமார் 750 பெண்கள் நூல் நூற்கவும் துணி நெய்யவும் மாவு அரைக்கவும் இருந்தார்கள். லெம்னோஸ்காரிகள், க்னிதோஸ்காரிகள், மிலேத்தோஸ்காரிகள் என்று ஊர்ப்பெயரால் குறிக்கப்பட்டவர்கள் பலர், கடல் தாண்டிப் பிடித்தோ வாங்கியோ கொண்டுவரப்பட்டவர்கள் போல. ஒரு பெண்ணுக்கு மாதம் 2 பங்கு கோதுமை, 2 பங்கு அத்திப்பழம். பிள்ளைக்கு அதில் பாதி. எரிதாவின் நிலத்தில் தூவ வேண்டிய விதை மட்டுமே அப்படி ஒரு பெண்ணின் 19 மாதக் கோதுமைக்கு மேல். மைசீனியச் சமூகத்தில் பெண்களின் நிலை என்ன என்று பொதுவாகக் கேட்பவர்களுக்கு இந்த இரண்டு எண்ணையும் பக்கத்தில் வைத்துக் காட்டினால் போதும். பெண் என்பது அங்கே ஒரே நிலை இல்லை. பைலோஸில் ஒரு பெண் நிலம் வைத்திருக்கிறாள் என்றால் பெரும்பாலும் கோயில் வழியாகத்தான்.

சாவிக்காரி கர்பாதியா

704-ஆம் பலகையைத் தொடர்ந்து படித்தால் எரிதாவின் வரிக்கு அடுத்து இன்னொரு பெண். கர்பாதியா, க்லாவிபோரோஸ், அதாவது 'சாவி சுமப்பவர்'. கோயில் களஞ்சியத்தின் சாவி அவர் கையில். அவரைப் பற்றிய குறிப்பு எரிதாவுடையதைப் போல நுட்பமானது அல்ல, நேரடிப் புகார்: இரண்டு நிலத்துக்கும் செய்ய வேண்டிய கடமை அவருக்கு இருக்கிறது, ஆனால் செய்யவில்லை.

ஆக, ஒரே பலகையில், அடுத்தடுத்த வரிகளில், கோயிலின் இரண்டு பெரிய பெண்கள். ஒருவர் கடமையிலிருந்து விலக்குக் கேட்கிறார், மற்றவர் கேட்காமலே விலகிக்கொண்டார். தனித்தனியாகப் பார்த்தால் தற்செயல். சேர்த்துப் பார்த்தால், பாகியானாவில் கோயில் கையிலிருந்த பொதுநிலத்தில் ஊருக்கு வரவேண்டியது வரவில்லை என்ற முணுமுணுப்பு கேட்கிறது. எழுத்தர் இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டது அவர் வேலை ஒழுங்கு. ஆனால் அந்த ஆண்டு பாகியானாக் காணியாளர்கள் எரிச்சலில் இருந்தார்கள் என்றுதான் நான் படிக்கிறேன்.

இதே பலகையில் ஹுவாமியா என்று ஒரு பெண், 'தெய்வத்தின் அடிமை'. பூசாரியின் மரியாதைப் பங்கிலிருந்து அவருக்கு ஒரு சிறு நிலம். இந்தத் 'தெய்வத்தின் அடிமை' என்ற பட்டம் பாகியானாக் கணக்கு முழுக்க வருகிறது, ஆண்களும் பெண்களுமாக, எல்லாரும் நிலம் வைத்திருக்கிறார்கள். தேவரடியார் என்று மொழிபெயர்க்கக் கை துறுதுறுக்கிறது. அந்தச் சொல் தூக்கிவரும் வரலாறு வேறு என்பதால் விட்டுவிட்டேன். நிலமும் பெயரும் உள்ள இவர்கள் நெசவுக்கூடத்துப் பெண்களைப் போன்ற அடிமைகள் அல்லர் என்பது மட்டும் தெளிவு. மறுபக்கம், பூசாரிக்கே சொந்தமாக அடிமைகள் உண்டு. ஒரு பலகை 'புனிதப் பொன்னுக்காக' பூசாரியின் அடிமைப் பெண்கள் பதினாலு பேருக்குக் குறையாமல் என்று கணக்கெழுதுகிறது.

தெய்வத்துக்கு யார் கொடுத்தார்கள்

ஊர் கோயிலுக்கு எதிரி என்று யாரும் நினைத்துவிடக்கூடாது. கடல் தெய்வமான பொஸைடனுக்கான காணிக்கைப் பட்டியல் ஒன்று இருக்கிறது. எகெலாவோன் என்ற பெரிய மனிதர், அரசனே அவர்தான் என்பாரும் உண்டு, கோதுமை 4 அலகு, திராட்சை மது 3, காளை ஒன்று, பாலாடைக்கட்டி பத்து, ஆட்டுத்தோல், தேன் கொடுக்கிறார். அடுத்த பெயர் தாமோஸ்: கோதுமை 2, மது 2, ஆட்டுக்கிடா இரண்டு, பாலாடைக்கட்டி ஐந்து, தைலம், தோல். அப்புறம் லாவகெதாஸ். ஊர் இங்கே அரசுப் பெரியவர்களோடு ஒரே வரிசையில், தன் பங்கைக் கொடுக்கும் ஒரு தரப்பாக நிற்கிறது. கோயிலுக்குக் கொடுக்க ஊருக்கு மனமில்லாமல் இல்லை. கணக்கில்லாமல் கொடுக்க மனமில்லை.

பாகியானாவுக்கு அரண்மனையே அனுப்பியது இன்னும் பெரியது. ஒரு பலகையில், அவசர அவசரமாக, முன்னும் பின்னும் அழித்தும் திருத்தியும் எழுதியிருக்கிறார்கள்: 13 பொன் கலங்கள், 8 பெண்கள், 2 ஆண்கள். போத்னியாவில் தொடங்கி இஃபிமெதெயா, திவியா, ஹெர்மஸ், ஜீயஸ், ஹீரா என்று தெய்வங்கள் வரிசையாக வருகின்றன. பெண் தெய்வங்களுக்குப் பெண்கள், ஜீயஸுக்கும் ஹெர்மஸுக்கும் ஆளுக்கு ஓர் ஆண். இந்தப் பத்துப் பேர் பலியா, கலம் ஏந்தி வந்தவர்களா, கோயில் பணிக்கு விடப்பட்டவர்களா என்று இன்றும் மல்லுக்கட்டுகிறார்கள். பரபரப்பு வேண்டியவர்கள் நரபலி என்பார்கள். தேவ அடிமைகள் இத்தனை பேர் நிலத்தோடு வாழ்ந்த ஊரில், கோயில் பணிக்கு ஆள் விடுவது அன்றாட ஏற்பாடாக இருந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று நான் நினைக்கிறேன்.

கிரீட்டின் பெண்கள்

ஒரு பெண் பூசாரிக்கு இவ்வளவு எடை எங்கிருந்து வந்தது? உடனே கைகாட்டப்படும் திசை கிரீட். ஆர்தர் எவான்ஸ் 1900-ல் க்னோஸ்ஸோஸைத் தோண்டத் தொடங்கினார். 1903-ல் பாம்பேந்திய பெண் சிலைகள் கிடைத்தன. அரண்மனைச் சுவரின் சிற்றோவியங்களில் பெண்கள் முன்வரிசையில், ஆடை மடிப்போடும் கை அசைவோடும் தீட்டப்பட்டிருக்க, ஆண்கள் வெறும் தலைக் கூட்டமாகச் சிவப்புப் பின்னணியில் புள்ளி புள்ளியாகத் தெரிகிறார்கள். ஆனால் மினோவர்களின் லீனியர் ஏ எழுத்து இன்னும் படிக்கப்படவில்லை. அந்தப் பெண் தெய்வமா, பூசாரியா, அரசியா என்று சிலை சொல்லாது. மினோவ எரிதா ஒருத்தி இருந்து ஊரோடு சண்டை போட்டிருந்தாலும் நமக்குக் கேட்காது.

இடையில் ஒரு கண்ணி கிடைத்தது. 2015-ல் பைலோஸ் அரண்மனைக்குப் பக்கத்திலேயே ஜாக் டேவிஸும் ஷாரன் ஸ்டாக்கரும் ஒரு வீரனின் கல்லறையைத் திறந்தார்கள். காலம் கி.மு. 1450 வாக்கில். உள்ளே நான்கு பொன் மோதிரங்கள், எல்லாவற்றிலும் மினோவப் பாணிச் செதுக்கல். ஒன்றில் கடலோரக் கோயில் அருகே அலங்காரம் செய்துகொண்ட ஐந்து பெண்கள். எரிதாவுக்கு இரண்டரை நூற்றாண்டு முன்பே, அதே மண்ணில், கிரீட்டின் வழிபாட்டுக் காட்சியை விரலில் போட்டுக்கொண்டு ஒருவன் புதைக்கப்பட்டிருக்கிறான். க்னோஸ்ஸோஸிலோ, கிரேக்கம் பேசும் கணக்கர்கள் வந்த பிறகு, 'எல்லாத் தெய்வங்களுக்கும் தேன் ஒரு சாடி, லபிரிந்தின் நாயகிக்குத் தேன் ஒரு சாடி' என்று எழுதினார்கள். 'காற்றுகளின் பெண் பூசாரி'க்கு எண்ணெய் அளந்தார்கள்.

இதிலிருந்து எரிதாவுக்கு நேர்கோடு போட்டு, மினோவத் தாய்த்தெய்வ மரபின் கடைசி வாரிசு என்று முடிப்பவர்கள் உண்டு. எனக்கு அதில் தயக்கம். மோதிரத்தில் இருப்பது காட்சி. எரிதாவிடம் இருப்பது பட்டா, அதுவும் தகராறில் உள்ள பட்டா. வழிபாட்டின் முகம் கடல் தாண்டி வந்திருக்கலாம். ஊரிடம் பங்கு வாங்கி, கடமை செய்து, செய்யாவிட்டால் கணக்கில் பெயர் வருவது பைலோஸின் சொந்த ஏற்பாடு.

தீயும் மூன்று சிறுபங்கும்

அந்த ஆண்டுக் கணக்குகளில் இன்னொரு தொகுதி உண்டு: 'கடற்கரையைக் காவலர் இவ்வாறு காக்கிறார்கள்' என்று தொடங்கி, எந்த இடத்தில் எத்தனை ஆள் என்று பட்டியல் போடுவது. காத்தார்களோ இல்லையோ, அரண்மனை எரிந்தது. வனக்ஸ் போனான். எதோனியோ என்ற சொல் பிற்காலக் கிரேக்கத்தில் மறைந்தது. தாமோஸ் மட்டும் ஊரில் தங்கிவிட்டது. எரிதாவின் வழக்கில் ஊர் ஜெயித்ததா என்றால், ஒரு விதத்தில் ஆமாம், மற்ற எல்லாத் தரப்பும் ஆட்டத்தைவிட்டுப் போன பிறகு.

பலகைகள் இப்போது ஏதென்ஸ் தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. இரண்டையும் பக்கத்தில் வைத்துக் கடைசி எண்ணைப் பாருங்கள். குறிப்பில் தகராறு நிலம் 3 அலகு, 9 பங்கு, 3 சிறுபங்கு. தலைமைக் கணக்கரின் பேரேட்டில் 3 அலகு, 9 பங்கு, அதோடு நின்றுவிட்டது. மூன்று சிறுபங்கு, ஐந்து லிட்டருக்குக் கொஞ்சம் குறைவான கோதுமை விதைக்கும் ஒரு கீற்று நிலம், ஓலையிலிருந்து பேரேட்டுக்குப் போகும் வழியில் காணாமல் போயிருக்கிறது. எழுத்தர் சிரமம் பார்த்து உதிர்த்துவிட்டாரா, கண் தவறியதா, இல்லை இடையில் யாராவது வரப்பைக் கொஞ்சம் நகர்த்தினார்களா?